உலீத்தா உட்காராமல் போனாள்

பாஸிலா வாசலில் வந்து இறங்கியபோது ரம்ஜான் பீவி கேட்ட முதல் கேள்வி "சாப்டியா" என்பதல்ல. ஆறு வருஷம் ரஷ்யாவில் டாக்டருக்குப் படித்துவிட்டு ஒரே மகள் வீடு திரும்புகிறாள். திண்டுக்கல் பேகம்பூரில் அந்தச் சந்தே எட்டிப் பார்த்துக்கொண்டு நிற்கிறது. பக்கத்து வீட்டு ஷாஹினா ரோஸ்மில்க் டம்ளரோடு ஓடி வருகிறாள். தாய்க்காரியோ மகளின் கன்னத்தை ஒரு தடவை தடவினாள், பெட்டியைப் பார்த்தாள், குரலைத் தாழ்த்தி, "அஞ்சாம் பாகம் கொண்டாந்தியா?" என்றாள்.

கொண்டுவந்திருப்பதாகத் தலையாட்டிச் சிரித்தாள் பாஸிலா. அப்புறம்தான் சோறு, தண்ணீர், நலம் விசாரிப்பு எல்லாம்.

இப்படியும் ஒரு பெத்தவளா என்று நீங்கள் முகம் சுளிக்கலாம். தாராளமாகச் சுளித்துக்கொள்ளுங்கள். முப்பத்தாறு வருஷமாக ஒரு கதையின் நடுவழியில் நின்றுகொண்டிருப்பவளின் கால்வலி உங்களுக்கும் எனக்கும் எங்கே தெரியப்போகிறது.

நடந்தது இதுதான். ரம்ஜான் பீவிக்குப் பதினெட்டு வயது இருக்கும்போது பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒரு புத்தக வேன் வந்து நின்றது. ரஷ்யாவிலேயே தமிழில் அச்சடித்து அனுப்பிய புத்தகங்கள். கெட்டி அட்டை, வழுவழுப்பான தாள், விலையோ அடிமாட்டு விலை. தோல் பதனிடும் ஷாப்பில் மேஸ்திரியாக இருந்த அவளுடைய அத்தா அந்தப் பக்கம் போயிருக்கிறார். ஓர் அட்டையில் ஆட்கள் தோலை விரித்துச் சுரண்டுகிற படம் இருந்தது. நம்ம தொழிலைப் பற்றி எவனோ எழுதியிருக்கிறான் என்று நான்கு பாகங்களையும் சணல் கயிற்றில் கட்டித் தூக்கிக்கொண்டு வந்துவிட்டார். அவர் ஒரு பக்கம்கூடப் பிரித்துப் பார்க்கவில்லை. மகள் பிரித்தாள். உள்ளே போனவள் இன்றுவரை முழுசாக வெளியே வரவில்லை.

எழுதியவர் பெயர் லுக்கா ஸரேச்னி. பழங்காலத்துச் சரித்திரத்தைக் கதையாக எழுதுகிறவர். ராஜா ராணி எல்லாம் அவர் கதையில் தூரத்தில் குதிரைமேல் போவார்கள், அதோடு சரி. மற்றபடி படகுக்காரர், உப்பு வண்டிக்காரர், கோயில் மணி வார்க்கிறவர், தோல் பதனிடுகிறவர், இவர்கள்தான் கதை. 'உறைந்த துறை' என்ற அந்த நாவல், நானூறு வருஷத்துக்கு முன்னால் ஓர் ஆற்றங்கரையில் இருந்த தோல்காரர் தெருவைப் பற்றியது. சுண்ணாம்புத் தொட்டி, சுரண்டுகிற கத்தி, மரப்பட்டை ஊறிய சிவப்புத் தண்ணீர், எத்தனை தடவை குளித்தாலும் உடம்பைவிட்டுப் போகாத அந்த வாடை. பேகம்பூர்க்காரிக்கு அது அயலூராகவே தெரியவில்லை. இங்கே ஆவாரம்பட்டை, அங்கே வேறு ஏதோ மரத்தின் பட்டை. இங்கே வெயில், அங்கே ஆறு கல்லாக உறைந்து அதன்மேல் வண்டி போகும். அவ்வளவுதான் வித்தியாசம்.

அந்தத் தெருவில் மாவ்ரா என்று ஒரு தோல்கார விதவை. அவளுக்கு உலீத்தா என்று ஒரு மகள். நான்காம் பாகம் முடிகிற இடத்தில், ஆறு உறைந்துகிடக்கும் ஒரு காலையில், உலீத்தா வீட்டைவிட்டுப் பனிக்கட்டிமேல் நடந்து அக்கரைக்குப் போகிறாள். திரும்பி வந்தாளா இல்லையா என்பது ஐந்தாம் பாகத்தில். அந்த ஐந்தாம் பாகம் தமிழில் வரவே இல்லை. வேனும் வரவில்லை. கொஞ்ச நாளில் அந்த நாடே உடைந்துபோயிற்று என்று ரேடியோவில் சொன்னார்கள். அதைக் கேட்டு யார் யாரோ அழுதார்கள், யார் யாரோ சிரித்தார்கள். திண்டுக்கல்லில் ஒருத்தி மட்டும், இந்தப் புள்ளை அக்கரையில் மாட்டிக்கொண்டதே என்று கவலைப்பட்டாள்.

புத்தகத்திலிருந்து ஒரு வழக்கத்தையும் அவள் வீட்டுக்குள் கொண்டுவந்துவிட்டாள். ஸரேச்னி கதையில் யார் தூரப் பயணம் கிளம்பினாலும், வீட்டில் இருக்கிற எல்லாரும் ஒரு நிமிஷம் பேசாமல் உட்காருவார்கள். கிளம்புகிறவரும் உட்கார வேண்டும். அப்புறம் எழுந்து போகலாம். கல்யாணமாகி முகமது பாரூக் வீட்டுக்கு வந்த வருஷமே ரம்ஜான் பீவி இதை ஆரம்பித்துவிட்டாள். பாரூக்கும் தோல் ஷாப் மேஸ்திரிதான். வேலை விஷயமாக அவர் ராணிப்பேட்டைக்குக் கிளம்பினால் பிடித்து உட்காரவைத்துவிடுவாள். அப்படி உட்கார்ந்து ஸ்டேஷனில் ரயிலைக் கோட்டைவிட்ட கதை ஒன்று உண்டு. அதை அவர் போகிற கல்யாண வீட்டில் எல்லாம் சொல்வார். யாரோ பள்ளிவாசல் ஹஜ்ரத்திடமே போய், இது சரியா என்று கேட்டார்கள். துஆ ஓதிவிட்டு உட்கார்ந்தால் தப்பில்லை, உட்கார்ந்தால் மறந்துபோன சாமானாவது ஞாபகத்துக்கு வரும் என்று அவர் சொல்லிவிட்டார். அதோடு கேட்பார் இல்லை. முன்னறையில் சுவரோரம் கிடக்கும் நீளமான மரப்பெஞ்சுக்கு 'ரஷ்யா பெஞ்சு' என்றே பேராகிவிட்டது.

ஆனால் உலீத்தா உட்காரவில்லை. அங்கேதான் இருக்கிறது சங்கதி. நான்காம் பாகத்தின் கடைசிப் பக்கத்தில் அவள் பெஞ்சைப் பார்க்கிறாள், தாயைப் பார்க்கிறாள், உட்காராமல் கதவைத் திறந்துகொண்டு போய்விடுகிறாள். வேறு யார் படித்தாலும் ஐயோ பாவம் என்று நெஞ்சில் கை வைப்பார்கள். ரம்ஜான் பீவி வைக்கவில்லை. தூரம் போகிறவர்தானே உட்கார வேண்டும்? தெருமுனைக் கடைக்குப் பால் வாங்கப் போகிறவள் உட்காருவாளா? உலீத்தா உட்காரவில்லை என்றால் அவள் உடனே திரும்பப் போகிறவள் என்று அர்த்தம். இதில் முப்பத்தாறு வருஷமாக அவளுக்கு ஒரு துளி சந்தேகம் வந்ததில்லை.

பாஸிலா வந்த அன்றைக்கு மத்தியானம் மூட்டை தூக்கினவள் மாதிரி தூங்கிவிட்டாள். ரம்ஜான் பீவி லுஹர் தொழுதுவிட்டு, பெட்டியிலிருந்த புத்தகத்தை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். பாஸிலா தங்கியிருந்த ஹாஸ்டலின் வாசல் காவல்காரம்மா தன் சொந்த அலமாரியிலிருந்து எடுத்துக் கொடுத்த புத்தகம் அது. லுக்கா ஸரேச்னியை அங்கே இப்போது யாரும் படிப்பதில்லையாம், கடைகளில் கேட்டால் யாரது என்கிறார்களாம். இந்தியாவில் ஒரு பெண்பிள்ளை இதற்காகக் காத்திருக்கிறாள் என்று சொன்னதும் காவல்காரம்மாவுக்குக் கண் கலங்கிவிட்டதாம்.

எழுத்து ஒன்றும் புரியவில்லை. சில எழுத்து கொக்கி போட்டிருந்தது, சில எழுத்து திரும்பி நின்றது. ஆனால் படம் பார்க்க எந்தப் பாஷை வேண்டும்? நடுநடுவே கறுப்பு மசியில் செதுக்கிய மாதிரி படங்கள். படகு, சந்தை, நெருப்பு, ஒரு குதிரை. பார்க்கக் கூடாது பார்க்கக் கூடாது என்று சொல்லிக்கொண்டே கடைசித் தாள்வரை புரட்டிவிட்டாள்.

கடைசிப் படத்தில் ஒரு வீட்டின் உள்பக்கம் இருந்தது. சன்னலுக்கு வெளியே பனி. சுவரோரம் நீளப் பெஞ்சு. அதன் ஓரத்தில் ஒரு கிழவி தனியாக உட்கார்ந்திருந்தாள். அவள் பக்கத்தில் ஆள் உட்காரும் அளவுக்கு இடம் காலியாகக் கிடந்தது. கதவு சாத்தியிருந்தது.

ரம்ஜான் பீவி புத்தகத்தை மூடி, இருந்த இடத்திலேயே வைத்துவிட்டாள். மேலே ஃபேன் சுற்றிக்கொண்டிருந்தது. முதுகில் மட்டும் சில்லென்று இருந்தது அவளுக்கு.

மறுநாள் காலை, பாரூக் சாப்பிட்டுக் கையைக் கழுவிவிட்டு எழுவதற்குள் பாஸிலா விஷயத்தைச் சொல்லிவிட்டாள். படித்த ஊரிலேயே பெரிய ஆஸ்பத்திரியில் குழந்தை மருத்துவத்துக்கு மேற்படிப்பு. இடம் கொடுத்திருக்கிறார்கள். இரண்டு வருஷம். ஆகஸ்டு பதினைந்துக்குள் வருகிறேன் வரவில்லை என்று சொல்ல வேண்டும். இரண்டு வருஷத்துக்கு அப்புறம் என்ன என்று அத்தா கேட்டார். தெரியாது என்றாள், பொய் சொல்லாமல். இங்கேயே இருந்தால் பரீட்சை எழுதி, அதில் தேறி, இடம் கிடைக்கக் காத்திருக்க வேண்டும். அங்கே வா என்று கூப்பிடுகிறார்கள். பாரூக் செத்த நேரம் தாடியைத் தடவிக்கொண்டிருந்தார். அங்கே சண்டை நடக்கிறதாமே என்றார். நான் இருக்கிற ஊர் எல்லையிலிருந்து ரொம்பத் தூரம் என்று மகள் சொன்னாள். கடைசியில் அவர், "ஒங்கம்மா போன்னு சொன்னா போ, வேணாம்னா விட்ரு" என்று பொறுப்பை மனைவி தலையில் இறக்கிவைத்துவிட்டு வேலைக்குக் கிளம்பிவிட்டார். ஆம்பளைகளுக்கு இது ஒரு வசதி.

ரம்ஜான் பீவிக்கு மகளை விட மனசில்லை. ஆறு வருஷம் விட்டது போதும். நடுவில் ஒரே ஒரு தடவைதான் வந்துபோனாள். அதற்காக மூஞ்சிக்கு நேராக வேண்டாம் என்று சொல்லவும் வாய் வரவில்லை. அப்போது அவள் ஒரு காரியம் செய்தாள். நான் அவளுக்கு வேண்டியவன்தான், ஆனாலும் அது நல்ல காரியம் இல்லை என்று சொல்லித்தான் ஆக வேண்டும்.

"மொதல்ல அஞ்சாம் பாகத்த எனக்கு வாசிச்சுக் காட்டு. உலீத்தா அவங்கம்மாகிட்ட திரும்பி வந்துட்டான்னா நீயும் போ. வரலைன்னா போக வேணாம்."

பாஸிலா அம்மாவின் முகத்தையே பார்த்தாள். அவளுக்கும் உலீத்தாவைத் தெரியும். சின்ன வயதில் அவள் தூங்கக் கேட்ட கதையே அதுதான். ஐந்தாம் பாகத்தை அவள் இன்னும் படிக்கவில்லை, அம்மாவோடு சேர்ந்து படிக்கலாம் என்று வைத்திருந்தாள். கொஞ்சம் யோசித்து, சரி என்றாள். கடைசிப் படத்தை அம்மா பார்த்துவிட்டாள் என்பது அவளுக்கு எப்படித் தெரியும்?

அன்றிலிருந்து தினமும் மத்தியானம் வாசிப்பு. லுஹர் முடிந்து, சாப்பிட்டு, வெஞ்சனச் சட்டியை மூடிவைத்துவிட்டு, இருவரும் ரஷ்யா பெஞ்சுக்கு வந்துவிடுவார்கள். சன்னலில் பச்சைத் திரையை இழுத்துவிட்டால் அறை குளத்துக்குள் இருப்பதுபோல் ஆகிவிடும். பாஸிலா ஒரு பத்தியைத் தனக்குள் வாசிப்பாள், பிறகு தமிழில் சொல்வாள். வெளியே ஆடி மாதத்துக் காற்று தெருவையே புரட்டிப் போட்டுக்கொண்டிருக்கும். உள்ளே மெதுவாகப் பனி விழும்.

உலீத்தா அக்கரையில் உப்புப் படகுக்காரர்களோடு சேர்ந்துகொண்டாள். ஆறு இளகியதும் அவர்களோடு தெற்கே போனாள். கரையெல்லாம் கொள்ளைநோய் பரவிய ஓர் ஊரில் இறங்கினாள். அங்கே யாரும் தொடத் துணியாத பிள்ளைகளை அவள் தொட்டாள், துடைத்தாள், கஞ்சி ஊட்டினாள். அவள் கையிலிருந்த தோல் வாடையை அந்தப் பிள்ளைகள் தாயின் வாடை என்று எண்ணிக்கொண்டதாக ஸரேச்னி எழுதியிருந்தார். அந்த வரியை இன்னொரு தடவை சொல்லச் சொல்லி ரம்ஜான் பீவி கேட்டாள்.

கேட்டுக்கொண்டே கண் சொருகும். அப்போது குடகனாறு உறைந்துவிடும். வருஷத்தில் முக்கால்வாசி நாள் மணலும் முள்ளுமாகக் கிடக்கிற ஆறு, கண்ணாடியாக விரிந்துகிடக்கும். மலைக்கோட்டைப் பாறை உச்சிவரை வெள்ளையாக இருக்கும். வடமதுரைப் பக்கம் தென்னந்தோப்புகள் தலையில் பனி சுமந்துகொண்டு அசையாமல் நிற்கும். ஆட்டு மந்தை ஒன்று பனிக்கட்டிமேல் வழுக்கி வழுக்கிப் போகும். அதற்கும் அந்தப் பக்கம் ஒருத்தி கம்பளிச் சால்வையைப் போர்த்திக்கொண்டு போவாள். நடை தெரிந்த நடையாக இருக்கும். கூப்பிட வாயைத் திறந்தால் குரலுக்குப் பதில் வெள்ளையாக மூச்சு மட்டும் வரும். சாயங்கால அஸர் பாங்கு சொல்லும்போது திடுக்கிட்டு விழித்துக்கொள்வாள். கழுத்தெல்லாம் வேர்வையாக இருக்கும்.

சாயங்காலம் பாரூக் வருவார். முகத்தைக் கழுவிக்கொண்டே, இன்றைக்குக் கதை எங்கே நிற்கிறது என்று கேட்பார். இவர்கள் கொள்ளைநோயைச் சொல்வார்கள், படகு கவிழ்ந்ததைச் சொல்வார்கள். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு அவர் ஒரே ஒரு கேள்வி கேட்பார்.

"அதெல்லாம் இருக்கட்டும். அந்தத் தோல பட்டத் தண்ணியில எம்புட்டு நாளு ஊறப் போட்டாய்ங்க?"

முப்பது வருஷமாக அவருக்கு இது ஒன்றுதான் கேள்வி. கதையில் போட்டிருக்கவில்லை என்றால், அப்ப என்னத்த எழுதுறான் என்று முணுமுணுத்துக்கொண்டு டீ குடிக்கப் போய்விடுவார். தாயும் மகளும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள்.

சிரித்தாலும் ரம்ஜான் பீவியின் கண், மகளின் வலது கைக்கு அடியில் மெலிந்துகொண்டே வரும் தாள்கள்மேல்தான் இருந்தது. மகள் என்ன செய்வாள்? ரஷ்ய எழுத்து இந்த வீட்டில் அவள் ஒருத்திக்குத்தான் தெரியும். கடைசியில் உலீத்தா வந்துவிட்டாள், தாயைக் கட்டிக்கொண்டாள் என்று ஒரு வார்த்தை சொன்னால் முடிந்தது. அம்மா மறுபேச்சுப் பேச முடியாது. ரம்ஜான் பீவி முதலில் அந்தப் பொய்க்காகத்தான் காத்திருந்தாள். சொல்லட்டும், படத்தை விரித்துக் காட்டி, இது என்ன என்று கேட்போம், அப்புறம் எந்த முகத்தோடு போகிறாள் என்று பார்ப்போம் என்று உள்ளுக்குள் கறுவிக்கொண்டிருந்தாள். பெற்ற மகளை வலை விரித்துப் பிடிக்கப் பார்க்கிறோமே என்று மத்தியான வெயிலில் நினைக்கும்போது வெட்கமாக இருக்கும். மறுநாள் மறுபடியும் தாள்களை எண்ணுவாள்.

ஒருநாள் பாஸிலா வாசிப்பை நிறுத்திவிட்டு அந்த ஆஸ்பத்திரியைப் பற்றிச் சொன்னாள். மாதம் நிறையாமல் பிறந்த குழந்தைகளின் வார்டு. ஒவ்வொன்றும் உள்ளங்கையில் அடங்கும். கண்ணாடிப் பெட்டிக்குள் கையை விட்டு அதைத் திருப்பிப் படுக்கவைக்க வேண்டும். முதல் தடவை பயந்துகொண்டே திருப்பினாளாம். அந்தக் குழந்தை அவளுடைய சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டு விடவில்லையாம்.

"இந்தக் கை இதுக்குத்தாம்மான்னு அன்னைக்குத் தோணுச்சு" என்றாள். தன் கையையே பார்த்துக்கொண்டு சொன்னாள், அம்மாவைப் பார்க்கவில்லை.

ரம்ஜான் பீவி அந்தக் கையைப் பார்த்தாள். சின்ன வயதில் கருவேல முள் குத்தியதென்று அழுதுகொண்டு நீட்டிய கை. அன்றைக்குத்தான் அவள் மனசு கொஞ்சம் புரண்டது. பொய் சொல்லிவிடு புள்ளை என்று நினைத்தாள். நல்லதாக ஒரு பொய்யைச் சொல்லிவிடு, நான் படத்தைப் பார்க்காதவளாகவே இருந்துவிடுகிறேன். ஆனால் அடுத்த நிமிஷமே மகள் இல்லாத வீடு கண் முன்னால் வந்து நிற்கும். வேண்டாம், போக வேண்டாம் என்று நெஞ்சு அடித்துக்கொள்ளும். எதை விரும்புகிறோம் என்று தெரியாமலே ஒரு வாரம் போயிற்று.

ஆகஸ்டு பதினொன்றாம் தேதி மத்தியானம் கடைசி அத்தியாயம். பாஸிலா தனக்குள் வாசிக்க ஆரம்பித்தாள். வழக்கமாக ஒரு பத்திக்கு ஒரு தடவை நிறுத்துகிறவள், அன்று நிறுத்தவில்லை. ஒரு பக்கம், இரண்டு பக்கம், மூன்று பக்கம். கடைசித் தாளைத் திருப்பினாள். படம் அவள் மடியில் விரிந்தது. ரம்ஜான் பீவி அதைப் பார்க்காமல் சன்னல் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். திரைக்கு அந்தப் பக்கம் யாரோ பழைய இரும்பு ஈயம் பித்தளை என்று கூவிக்கொண்டு போனார்கள்.

பாஸிலா புத்தகத்தை மூடவில்லை. மறைக்கவும் இல்லை. அம்மாவின் பக்கம் நகர்த்தி வைத்தாள்.

"உலீத்தா வரலம்மா."

அதைச் சொல்லிவிட்டுக் கொஞ்ச நேரம் அழுதாள். தன் கையால் தன் வழியையே அடைத்துவிட்டாள் என்பது அவளுக்குத் தெரியும். ரம்ஜான் பீவி, முழுசும் சொல்லு என்று சைகை காட்டினாள்.

உலீத்தா தெற்கே அந்த ஊரிலேயே இருந்துவிட்டாள். அவள் கைபட்டுப் பிழைத்த பிள்ளைகள் பெரியவர்களாகி அவர்களுக்கும் பிள்ளைகள் பிறந்துவிட்டார்கள். படகுக்காரர்கள் வருஷத்துக்கு ஒரு தடவை மாவ்ராவுக்குச் சேதி கொண்டுவருவார்கள். ஆறு உறைகிற காலம் வந்தால் மாவ்ரா பெஞ்சில் உட்கார்ந்திருப்பாள். ஒருநாள் அண்டைவீட்டுக்காரி வந்து, உன் மகள் உட்காராமல் போனாள், அதனால்தான் திரும்பவில்லை, அன்றைக்கே நீ பிடித்து உட்காரவைத்திருக்க வேண்டாமா என்று கேட்கிறாள். அதற்கு மாவ்ரா சொல்லும் பதில்தான் புத்தகத்தின் கடைசி வரி.

பாஸிலா கண்ணைத் துடைத்துக்கொண்டு அந்த வரியை நிதானமாகச் சொன்னாள்.

"'உக்காந்திருந்தா அவ எந்திரிச்சிருக்க மாட்டா. அது எனக்குத் தெரியும். அதனாலதான் நான் உக்காரச் சொல்லல.'"

ரம்ஜான் பீவி படத்தைக் கிட்ட இழுத்து, இரண்டாம் தடவையாகப் பார்த்தாள். அதே கிழவி, அதே பெஞ்சு. முதல் நாள் பார்த்தபோது எல்லாரும் கைவிட்டுப் போன ஒரு கிழவியாகத் தெரிந்தாள். இவள் அல்லவா அனுப்பிவைத்தவள்! கூப்பிட்டிருந்தால் நின்றிருப்பாள் என்று தெரிந்தும் கூப்பிடாமல் இருந்தவள். முப்பத்தாறு வருஷமாக உலீத்தாவையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டோம், மாவ்ராவை ஒரு தடவைகூடப் பார்க்கவில்லையே என்று ரம்ஜான் பீவிக்கு அழுகை வந்தது. நானும் ஒரு தாய்தானே, நான் என்ன செய்தேன் என்று நினைத்தபோது அழுகை இன்னும் பெரிதாக வந்தது.

"நான் இந்தப் படத்த மொத நாளே பாத்துட்டேன் புள்ள" என்றாள். "பாத்துட்டுத்தான் அப்படிச் சொன்னேன். ஒன்னய விடக் கூடாதுன்னு சொன்னேன்."

பாஸிலாவுக்குக் கோபம் வருமோ என்று ரம்ஜான் பீவி பார்த்தாள். வந்தது, கொஞ்சம் வந்தது. முகம் சிவந்து, உதட்டைக் கடித்து, மறுபக்கம் திரும்பிக்கொண்டாள். அப்புறம் அப்படியே சாய்ந்து அம்மாவின் மடியில் தலையை வைத்துக்கொண்டாள். அஸர் பாங்கு சொல்லும்வரை இருவரும் அப்படியே இருந்தார்கள்.

பாங்கு முடிந்ததும் ரம்ஜான் பீவி மகளின் தலையை ஒதுக்கிவிட்டு எழுந்தாள். "வாரேன்னு எழுதிப் போட்ரு" என்று சொல்லிவிட்டுத் தொழுகைக்கு ஒளு செய்யப் போனாள். அன்று சாயங்காலம் கதை எங்கே நிற்கிறது என்று பாரூக் கேட்டபோது, முடிந்துவிட்டது என்று மட்டும் சொன்னார்கள்.

ஆகஸ்டு கடைசியில் ஒரு காலை. சென்னை ரயிலுக்கு ஆட்டோ வாசலில் வந்து நின்றது. ஷாஹினா பொட்டலம் பொட்டலமாக எதையோ கொண்டுவந்து பெட்டிக்குள் திணித்தாள். பாரூக் துஆ ஓதினார். ஓதி முடித்ததும் பழக்கத்தில் போய் ரஷ்யா பெஞ்சில் உட்கார்ந்துகொண்டார். ஷாஹினாவும் உட்கார்ந்தாள். பாஸிலா கைப்பையைத் தோளிலிருந்து இறக்கி, உட்காருவதற்காகப் பெஞ்சைப் பிடித்தாள்.

ரம்ஜான் பீவி அவள் முழங்கையைப் பிடித்து நிறுத்தினாள்.

"நீ உக்காராத."

முப்பது வருஷமாக ஊரையே உட்காரவைத்தவள் இவள்தானா என்று பாரூக் வாயைத் திறந்தபடி பார்த்தார். யாருக்கும் ஒன்றும் விளங்கவில்லை. பாஸிலாவுக்கு மட்டும் விளங்கியது. அவள் உதடு கோணிக்கொண்டு வந்தது.

"பால் வாங்கப் போறவ உக்காருவாளா?" என்றாள் ரம்ஜான் பீவி. "போ. வெயிலு ஏறுறதுக்குள்ள போ."

பாஸிலா பையை மாட்டிக்கொண்டாள். பெஞ்சைப் பார்த்தாள், அம்மாவைப் பார்த்தாள், கதவைத் தாண்டிப் போனாள். பாரூக் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பின்னால் ஓடினார். ஆட்டோ சந்து திரும்புகிற சத்தம் கேட்டது. ஷாஹினா தன் முந்தானையில் மூக்கைச் சிந்திக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டாள்.

ரம்ஜான் பீவி வந்து பெஞ்சில் உட்கார்ந்தாள். பக்கத்தில் ஓர் ஆள் இடம் விட்டு உட்கார்ந்தாள். வெளியே வெயில் வெள்ளையாக விழுந்துகொண்டிருந்தது. அது தெருவில் விழுந்தது, எதிர்வீட்டு மாடியில் விழுந்தது, தூரத்தில் பாறைமேல் விழுந்தது. பார்த்துக்கொண்டே இருந்தால் பனி மாதிரிதான் தெரிந்தது. அவள் அழவில்லை என்று சொன்னால் நீங்கள் நம்ப மாட்டீர்கள், அழுதாள். நன்றாக அழுதாள். ஆனால் எழுந்து வாசலுக்கு ஓடவில்லை.

ஒரு மணி நேரம் கழித்து பாரூக் ஸ்டேஷனிலிருந்து திரும்பி வந்தார். சட்டையெல்லாம் வேர்வை, அதோடு அவருடைய அந்தத் தோல் வாடை. செருப்பைக் கழற்றிவிட்டு, காலியாக இருந்த இடத்தில் உட்காரப் போனார்.

"அங்க வேணாங்க, அது அவ எடம்" என்றாள் ரம்ஜான் பீவி. "இந்தப் பக்கம் வாங்க."

அவர் சுற்றிக்கொண்டு வந்து மறுபக்கம் உட்கார்ந்தார். இருவரும் கதவைப் பார்த்துக்கொண்டு பேசாமல் இருந்தார்கள். செத்த நேரம் கழித்து அவர் தொண்டையைச் செருமினார். எத்தனை நாள் ஊறப் போட்டாய்ங்க என்று இப்போது கேட்டால் எழுந்து போய்விட வேண்டும் என்று அவள் நினைத்துக்கொண்டாள். அவர் அதைக் கேட்கவில்லை.

"அந்தப் புள்ள உலீத்தா, கடைசில வந்துச்சா இல்லையா?"

"வரல" என்றாள். கொஞ்சம் பொறுத்து, "ஆனா நல்லா இருக்கா" என்றாள்.

பாரூக் தலையை ஆட்டினார்.